அரை நூற்றாண்டு கலையாத இசைக்குழு: ஜாஸ் மேதை டியூக் எலிங்டனின் வாழ்வும் மரபும்

அமெரிக்காவில் 1930-களிலும் 1940-களின் முற்பகுதியிலும் நடன அரங்குகளையும் வானொலியையும் ஆட்கொண்டிருந்த ஸ்விங் இசைக்குழுக்களில் பெரும்பாலானவை, இரண்டாம் உலகப் போர் முடிந்த சில ஆண்டுகளுக்குள் கலைந்துபோயின. பியானோ கலைஞரும் இசையமைப்பாளருமான டியூக் எலிங்டனின் குழு அவ்வாறு கலையவில்லை. 1920-களின் தொடக்கத்தில் நியூயார்க்கில் காலூன்றிய அக்குழு, 1974-ஆம் ஆண்டு அவர் மறையும் வரை ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் அவரது தலைமையில் இயங்கியது.

அக்காலம் முழுவதும் குழு இலாபம் ஈட்டியது என்று சொல்ல இயலாது. நிகழ்ச்சிகளில் வருவாய் குறைந்த ஆண்டுகளில், தம் பாடல்களுக்குக் கிடைத்த ராயல்டி தொகையைக் கொண்டு எலிங்டன் உறுப்பினர்களுக்குச் சம்பளம் வழங்கினார். ஆயிரத்துக்கும் மேற்பட்ட படைப்புகளை எழுதிய அவருக்கு, எழுதியதை மறுநாளே வாசித்துக் காட்டக்கூடிய குழு இன்றியமையாததாக இருந்தது. அந்தக் குழுவுடன்தான் அவர் 1963-ஆம் ஆண்டு இந்தியாவுக்கும் வந்தார்.

வாஷிங்டனில் தொடக்கம்

எட்வர்டு கென்னடி எலிங்டன் 1899-ஆம் ஆண்டு ஏப்ரல் 29-ஆம் தேதி, அமெரிக்கத் தலைநகர் வாஷிங்டனில் கறுப்பினக் குடும்பம் ஒன்றில் பிறந்தார். தந்தை ஜேம்ஸ் எட்வர்டு, வெள்ளையின மருத்துவர் ஒருவரின் வீட்டில் பணியாளராக இருந்தவர். சில வேளைகளில் வெள்ளை மாளிகை விருந்துகளிலும் அவர் பரிமாறியதாகக் கூறப்படுகிறது. தாய் டெய்சி, மகனின் மீது எல்லையற்ற அன்பு கொண்டிருந்தார். பெற்றோர் இருவருமே பியானோ வாசிக்கத் தெரிந்தவர்கள்.

நேர்த்தியான உடையும் பெருமிதமான நடையும் கொண்ட சிறுவனுக்கு, பிரபு எனப் பொருள்படும் 'டியூக்' என்ற பட்டப்பெயரை நண்பர் ஒருவர் சூட்டினார். அதுவே வாழ்நாள் முழுவதும் நிலைத்துவிட்டது. இளமையில் ஓவியத்திலும் அவருக்கு ஆர்வம் மிகுந்திருந்தது. நியூயார்க்கின் பிராட் கல்வி நிறுவனத்தில் ஓவியம் பயில உதவித்தொகை வாய்ப்பு வந்தபோதும் அதை ஏற்காமல் இசையையே தேர்ந்தெடுத்தார். அதேவேளையில் விளம்பரப் பலகை எழுதும் தொழிலையும் நடத்தினார். நடனத்துக்குப் பலகை எழுதித் தர வருவோரிடம், அந்த நடனத்துக்கு இசைக்குழு தேவையா என்று கேட்டு வாய்ப்புப் பெறுவது அவரது வழக்கமாக இருந்தது.

1918-ஆம் ஆண்டு எட்னா தாம்சனை மணந்தார். மறு ஆண்டு மகன் மெர்சர் பிறந்தார். 1920-களின் பிற்பகுதியில் கணவனும் மனைவியும் பிரிந்தனர். எனினும் அவர்கள் சட்டப்படி மணவிலக்குப் பெறவில்லை.

1923-ஆம் ஆண்டு நண்பர்களுடன் நியூயார்க் சென்ற எலிங்டன், 'வாஷிங்டோனியன்ஸ்' என்ற சிறு குழுவில் பியானோ வாசித்தார். அடுத்த ஆண்டே குழுவின் தலைமை அவரிடம் வந்தது.

காட்டன் கிளப் ஆண்டுகள்

1927-ஆம் ஆண்டு டிசம்பரில், நியூயார்க்கின் ஹார்லெம் பகுதியில் இருந்த காட்டன் கிளப் என்ற இரவு விடுதியில் எலிங்டன் குழுவுக்கு நிலையான பணி கிடைத்தது. ஹார்லெம் கறுப்பின மக்கள் வாழ்ந்த பகுதி. விடுதியின் மேடையில் ஆடியவர்களும் பாடியவர்களும் இசைத்தவர்களும் கறுப்பினத்தவரே. ஆயினும் வாடிக்கையாளர்களாக வெள்ளையர் மட்டுமே அனுமதிக்கப்பட்டனர். விடுதியை நடத்தியவர், மதுவிலக்குக் காலத்தில் கள்ளச்சாராய வணிகத்தால் பேர்பெற்ற ஓவ்னி மேடன்.

இந்த அவமதிப்புக்கு இடையிலும் எலிங்டனுக்கு இரண்டு நன்மைகள் கிட்டின. ஒன்று, வானொலி ஒலிபரப்பு. காட்டன் கிளப்பிலிருந்து நேரடியாக ஒலிபரப்பான நிகழ்ச்சிகள், அந்த விடுதிக்குள் நுழைய அனுமதியில்லாத மக்களிடமும் அவரது இசையைக் கொண்டுசேர்த்தன. மற்றொன்று, அன்றாடப் பயிற்சி. நடனக் காட்சிகள் மாறும்போதெல்லாம் புதிய இசை எழுத வேண்டியிருந்ததால், பல்வேறு ஒலிச் சேர்க்கைகளை அவர் ஒவ்வோர் இரவும் சோதித்துப் பார்க்க முடிந்தது.

அச்சோதனைகளுக்கு உறுப்பினர்களின் தனித்திறனே அடிப்படையாக அமைந்தது. டிரம்பெட் கலைஞர் பப்பர் மைலி, குழாய் அடைப்பு நீக்கப் பயன்படும் ரப்பர்க் கிண்ணத்தைக் கருவியின் முகப்பில் பிடித்து, உறுமுவது போலவும் மனிதக் குரல் போலவும் ஒலியெழுப்பினார். ஜானி ஹாட்ஜஸின் ஆல்ட்டோ சாக்ஸபோன் குழைவுக்குப் பெயர்பெற்றது. ஹாரி கார்னியின் பாரிடோன் சாக்ஸபோன் குழு முழுவதையும் அடியிலிருந்து தாங்கியது. எலிங்டன் பொதுவாக ஒரு கருவிக்கு எழுதுவதில்லை. அக்கருவியை வாசிக்கும் குறிப்பிட்ட மனிதருக்கே எழுதினார்.

1930-ஆம் ஆண்டு வெளியான 'மூட் இண்டிகோ' இதற்குச் சான்றாகும். வழக்கமாக மேல் சுரங்களில் ஒலிக்கும் கிளாரினெட்டைக் கீழேயும், கீழே ஒலிக்க வேண்டிய டிராம்போனை மேலேயும் வைத்து, டிரம்பெட்டுடன் இணைத்தார். மூன்று பழக்கமான கருவிகளிலிருந்து முன்பு எவரும் கேட்டிராத ஒலி பிறந்தது.

இக்காலத்தில் அவரது மேலாளராக இருந்தவர் இர்விங் மில்ஸ். ஒலிப்பதிவு, வானொலி, பயணம் என அனைத்து வாய்ப்புகளையும் பெற்றுத் தந்தவர் அவரே. அதற்கு ஈடாக வருவாயில் பெரும் பங்கு பெற்றதுடன், பல பாடல்களில் இணை ஆசிரியராகத் தம் பெயரையும் சேர்த்துக்கொண்டார். இந்த உறவு 1939-ஆம் ஆண்டு முடிவுக்கு வந்தது.

ஸ்விங் அலையும் ரயில் பெட்டிகளும்

ஸ்விங் என்பது நடனத்துக்காக வளர்ந்த ஜாஸ் இசை வடிவம். பதினைந்து பேர் அளவிலான குழுவில் டிரம்பெட், டிராம்போன், சாக்ஸபோன் பிரிவுகள் ஒன்றுக்கொன்று விடையளிப்பது போல இசைக்கும். பியானோ, கிட்டார், பாஸ், டிரம்ஸ் ஆகியவை தாளத்தைத் தாங்கும். வெள்ளையினக் கிளாரினெட் கலைஞர் பென்னி குட்மேனின் குழு 1935-ஆம் ஆண்டு லாஸ் ஏஞ்சல்ஸில் பெற்ற பெரும் வரவேற்புக்குப் பிறகு, இவ்வடிவம் நாடு முழுவதும் அலையாகப் பரவியது. அதற்கு மூன்று ஆண்டுகள் முன்னரே, ஸ்விங் இல்லாத இசைக்குப் பொருளில்லை என்ற கருத்தைத் தலைப்பிலேயே கொண்ட பாடலை எலிங்டன் பதிவுசெய்திருந்தார்.

புகழ் வளர்ந்தபோதும் நிறவேற்றுமை குறையவில்லை. தென் மாநிலங்களில் கறுப்பினத்தவருக்கு நல்ல விடுதிகளில் அறையோ, உணவகங்களில் இடமோ கிடைப்பதில்லை. இதனால் 1930-களின் நடுப்பகுதியில் எலிங்டன் குழுவினர் தனி ரயில் பெட்டிகளை வாடகைக்கு எடுத்துப் பயணம் செய்தனர். உறங்குவதும் உண்பதும் அப்பெட்டிகளிலேயே நடந்தன. இழிவுபடுத்தும் கதவுகளைத் தட்ட வேண்டிய தேவை இதனால் தவிர்க்கப்பட்டது.

1935-ஆம் ஆண்டு தாய் டெய்சி காலமானது எலிங்டனை ஆழமாகப் பாதித்தது. அத்துயரிலிருந்து பிறந்த 'ரெமினிசிங் இன் டெம்போ', அன்றைய இசைத்தட்டுகளின் நான்கு பக்கங்களை நிரப்பும் நீளம் கொண்டது. மூன்று நிமிட நடனப் பாடலின் எல்லையைத் தாண்ட அவர் மேற்கொண்ட தொடக்க முயற்சிகளில் அதுவும் ஒன்று.

ஸ்ட்ரேஹார்ன் என்னும் துணை

1938-ஆம் ஆண்டு டிசம்பரில் பிட்ஸ்பர்க் நகரில் 23 வயது இளைஞர் ஒருவர் எலிங்டனைச் சந்தித்தார். பில்லி ஸ்ட்ரேஹார்ன் என்ற அந்த இளைஞர், அடுத்த இருபத்தெட்டு ஆண்டுகள் எலிங்டனின் இசையில் பிரிக்க முடியாத பங்காளியாக விளங்கினார்.

1941-ஆம் ஆண்டு தொடக்கத்தில், பாடலாசிரியர்களின் ராயல்டி அமைப்பான 'ஆஸ்கேப்' உடன் ஏற்பட்ட கட்டணத் தகராறு காரணமாக, அதன் உறுப்பினர்களின் படைப்புகளை வானொலி நிலையங்கள் ஒலிபரப்ப மறுத்தன. எலிங்டன் அவ்வமைப்பின் உறுப்பினர். ஒரே நாளில் அவருடைய சொந்தப் பாடல்கள் வானொலியில் ஒலிக்க முடியாத நிலை உருவானது. உறுப்பினர் அல்லாத ஸ்ட்ரேஹார்னும் மகன் மெர்சரும் அவசரமாகப் புதிய படைப்புகளை எழுதினர். அவ்வாறு ஒலிபரப்புக்கு வந்தவற்றில் ஒன்றான 'டேக் தி ஏ டிரெயின்', குழுவின் அடையாள இசையாகவே நிலைத்தது. எலிங்டனின் படைப்பு எனப் பலரும் இன்றும் கருதும் அப்பாடல் ஸ்ட்ரேஹார்ன் எழுதியதாகும்.

ஸ்ட்ரேஹார்னின் உழைப்பில் கணிசமான பகுதி எலிங்டனின் பெயரிலோ இருவரின் பெயரிலோ வெளியானது. தாம் ஒரு பாலீர்ப்பாளர் என்பதை மறைக்காமல் வாழ்ந்த அவர், அக்காலத்துச் சூழலில் மேடையின் பின்னணியிலேயே இருந்தார். அது அவருக்குப் பாதுகாப்பாகவும் அமைந்தது, அவரது புகழை மறைத்த திரையாகவும் அமைந்தது. அவர் மறைந்து பல ஆண்டுகளுக்குப் பின், கையெழுத்துப் படிகளை ஆராய்ந்த பிறகே அவரது பங்களிப்பின் முழு அளவு தெளிவானது.

இக்குறை ஸ்ட்ரேஹார்னோடு முடியவில்லை. குழு உறுப்பினர்கள் ஒத்திகையில் வாசித்த சிறு மெட்டுகள், எலிங்டனின் கையில் முழுப் பாடல்களாக உருப்பெற்றன. தம் பங்குக்கு உரிய பெயரும் பணமும் கிடைக்கவில்லை என்று டிராம்போன் கலைஞர் லாரன்ஸ் பிரவுன் உள்ளிட்ட சிலர் மனக்கசப்புக் கொண்டனர். பல கைகளில் உருவான இசைக்கு ஒரே பெயர் நிலைத்தது என்ற விமர்சனம் எலிங்டனின் மரபோடு இன்றும் சேர்ந்தே பேசப்படுகிறது.

சரிந்த சந்தை, நிலைத்த குழு

1943-ஆம் ஆண்டு ஜனவரி 23-ஆம் தேதி, நியூயார்க்கின் கார்னகி ஹாலில் 'பிளாக், பிரவுன் அண்ட் பேஜ்' என்ற படைப்பை எலிங்டன் அரங்கேற்றினார். அமெரிக்கக் கறுப்பின மக்களின் வரலாற்றை முக்கால் மணி நேர இசையாகச் சொல்லும் முயற்சி அது. செவ்வியல் இசை விமர்சகர்கள் அதில் கட்டமைப்பு இல்லை என்றனர். ஜாஸ் விமர்சகர்கள் சிலர் அது ஜாஸே இல்லை என்றனர். மனமுடைந்த எலிங்டன், பின்னர் அதைப் பெரும்பாலும் பகுதிகளாகவே வாசித்தார்.

போர்க் காலத்திலேயே பெரிய இசைக்குழுக்களின் பொருளாதாரம் ஆட்டம் கண்டது. 1942-ஆம் ஆண்டு இசைக்கலைஞர் சங்கம் ஒலிப்பதிவுக்குத் தடை விதித்தது. 1944-இல் நடன விடுதிகள் மீது முதலில் 30 விழுக்காடும், சில மாதங்களில் குறைக்கப்பட்டு 20 விழுக்காடும் வரி விதிக்கப்பட்டது. போர் முடிந்ததும் ரசிகர்களின் நாட்டம் தனிப் பாடகர்களின் பக்கம் திரும்பியது. 1946-ஆம் ஆண்டின் இறுதியில் பென்னி குட்மேன், டாமி டோர்சி, ஹாரி ஜேம்ஸ் உள்ளிட்டோர் தம் குழுக்களைக் கலைத்தனர். கவுண்ட் பேசியும் 1950-இல் தம் பெரிய குழுவைக் கைவிட்டுச் சில காலம் சிறு குழுவுடன் இயங்கினார்.

எலிங்டன் குழுவைக் கலைக்கவில்லை. அதன் விலை பெரிது. 1951-ஆம் ஆண்டு ஜானி ஹாட்ஜஸ், லாரன்ஸ் பிரவுன், தொடக்க காலம் முதல் உடனிருந்த டிரம்ஸ் கலைஞர் சன்னி கிரியர் ஆகிய மூவரும் விலகினர். 1955-ஆம் ஆண்டு கோடையில், நியூயார்க்கில் நடந்த நீர் விளையாட்டுக் காட்சி ஒன்றுக்குப் பின்னணி இசைக்கும் நிலைக்குக் குழு வந்திருந்தது. அந்த ஆண்டிலேயே ஹாட்ஜஸ் திரும்பி வந்து சேர்ந்தார்.

நியூபோர்ட்டில் ஓர் இரவு

1956-ஆம் ஆண்டு ஜூலை 7-ஆம் தேதி நியூபோர்ட் ஜாஸ் விழாவில் நிலைமை மாறியது. 1937-இல் எழுதிய இரு பகுதிப் படைப்பு ஒன்றை எடுத்துக்கொண்ட எலிங்டன், இரு பகுதிகளுக்கும் இடையே டெனர் சாக்ஸபோன் கலைஞர் பால் கொன்சால்வஸைத் தனியே வாசிக்க விட்டார். கொன்சால்வஸ் 27 சுற்றுகள் தொடர்ந்து வாசித்தார். நாற்காலிகளிலிருந்து எழுந்த கூட்டம் ஆடத் தொடங்கியது. அடுத்த மாதமே 'டைம்' இதழின் அட்டையில் எலிங்டனின் படம் இடம்பெற்றது. அந்நிகழ்ச்சியின் பெயரில் வெளியான இசைத்தட்டு, அவருடைய தொகுப்புகளில் மிக அதிகமாக விற்பனையானதாக அமைந்தது. அதன் பல பகுதிகள் பின்னர் ஒலிப்பதிவுக் கூடத்தில் மீண்டும் வாசிக்கப்பட்டவை என்பது 1990-களில் தெரியவந்தது.

இந்தியாவுக்கு வந்த குழு

பனிப்போர்க் காலத்தில் ஜாஸ் கலைஞர்களை அமெரிக்க வெளியுறவுத் துறை பண்பாட்டுத் தூதர்களாக வெளிநாடுகளுக்கு அனுப்பியது. அத்திட்டத்தின்கீழ் 1963-ஆம் ஆண்டு செப்டம்பரில் சிரியாவின் டமாஸ்கஸில் தொடங்கிய எலிங்டன் குழுவின் பயணம், ஜோர்டான், ஆப்கானிஸ்தான் வழியாக இந்தியாவை அடைந்தது. டெல்லி, ஹைதராபாத், பெங்களூர், மெட்ராஸ், பம்பாய், கல்கத்தா ஆகிய நகரங்கள் நிகழ்ச்சி நிரலில் இருந்தன. இலங்கைத் தலைநகர் கொழும்புக்கும் குழு சென்றது. டெல்லியில் எலிங்டன் நோய்வாய்ப்பட்டு மருத்துவமனையில் சேர்க்கப்பட்டபோது, உடன் வந்திருந்த ஸ்ட்ரேஹார்ன் அவருடைய இடத்தில் அமர்ந்து பியானோ வாசித்தார்.

அப்பயணத்தின் பின்னணி எளிதானதல்ல. அதே செப்டம்பரில் அமெரிக்காவின் பர்மிங்காம் நகரில் கறுப்பினத்தவரின் தேவாலயம் ஒன்றில் குண்டு வெடித்து நான்கு சிறுமியர் உயிரிழந்தனர். சொந்த நாட்டில் சம உரிமைக்காகப் போராடும் மக்களில் ஒருவர், அந்நாட்டின் சார்பாக வெளிநாட்டு மேடைகளில் நிற்க வேண்டியிருந்தது. பயணத்தில் செய்தியாளர்கள் நிறவேற்றுமை குறித்துக் கேள்வி எழுப்பியபோது, எலிங்டன் அவற்றை நிதானத்துடன் எதிர்கொண்டார். நவம்பர் 22-ஆம் தேதி அதிபர் கென்னடி சுட்டுக் கொல்லப்பட்டபோது குழு துருக்கியின் அங்காராவில் இருந்தது. எஞ்சிய பயணம் ரத்து செய்யப்பட்டது.

பார்த்ததையும் கேட்டதையும் எலிங்டன் உடனே இசையாக்கிவிடவில்லை. மூன்று ஆண்டுகள் கழித்து, 1966-ஆம் ஆண்டு டிசம்பரில்தான் 'தி ஃபார் ஈஸ்ட் சூட்' தொகுப்பு பதிவானது. டெல்லியில் கேட்ட மைனாவின் குரலை அடிப்படையாகக் கொண்ட 'புளூபேர்ட் ஆஃப் டெல்லி' என்ற பகுதியில், அப்பறவையின் குரலை ஜிம்மி ஹாமில்டனின் கிளாரினெட் ஒலிக்கிறது. தாஜ்மகாலை நினைவூட்டும் 'ஆக்ரா', ஹாரி கார்னியின் பாரிடோன் சாக்ஸபோனுக்காக எழுதப்பட்டது. இந்திய ராகங்களையோ தாளங்களையோ அவர்கள் நகலெடுக்க முயலவில்லை. தாம் கண்ட ஊர்களை, தம் குழுவின் மொழியிலேயே சொன்னார்கள்.

அத்தொகுப்பு வெளியான 1967-ஆம் ஆண்டிலேயே, மே 31-ஆம் தேதி, ஸ்ட்ரேஹார்ன் புற்றுநோயால் காலமானார். அவருக்கு வயது 51. சில மாதங்களில் அவருடைய படைப்புகளைக் கொண்ட அஞ்சலித் தொகுப்பு ஒன்றை எலிங்டன் பதிவுசெய்தார்.

மறுக்கப்பட்ட விருது

1965-ஆம் ஆண்டு, புலிட்சர் விருதின் இசைப்பிரிவு நடுவர்கள், எலிங்டனின் வாழ்நாள் பணிக்காகச் சிறப்பு விருது வழங்கப் பரிந்துரைத்தனர். விருது வாரியம் அதை நிராகரித்தது. அந்த ஆண்டு இசைக்கு விருதே வழங்கப்படவில்லை. நடுவர்கள் மூவரில் இருவர் பதவி விலகினர். அப்போது 66 வயதாகியிருந்த எலிங்டன், புன்னகையுடன் அதைக் கடந்து சென்றார். அவருடைய நூற்றாண்டான 1999-இல், அவர் மறைந்து கால் நூற்றாண்டுக்குப் பிறகு, புலிட்சர் வாரியம் சிறப்பு விருது வழங்கியது.

இடையே 1969-ஆம் ஆண்டு, 70-ஆவது பிறந்தநாளன்று, அதிபர் ரிச்சர்டு நிக்ஸன் அவருக்கு நாட்டின் உயரிய குடிமக்கள் விருதான அதிபரின் சுதந்திரப் பதக்கத்தை வெள்ளை மாளிகையில் வழங்கினார். தந்தை விருந்துகளில் பரிமாறியதாகக் கூறப்படும் இல்லத்தில், மகன் விருந்தினராக நின்றார்.

இறுதி ஆண்டுகளில் தேவாலயங்களில் இசைப்பதற்கான மூன்று பக்தி இசை நிகழ்ச்சிகளை எலிங்டன் உருவாக்கினார். முதலாவது 1965-இல் சான் பிரான்சிஸ்கோவிலும், கடைசியானது 1973-இல் லண்டன் வெஸ்ட்மின்ஸ்டர் தேவாலயத்திலும் அரங்கேறின. தம் பணிகளில் முதன்மையானவையாக அவற்றை அவர் கருதினார்.

மறைவும் மரபும்

1974-ஆம் ஆண்டு மே 24-ஆம் தேதி, நுரையீரல் புற்றுநோயும் நிமோனியாவும் தாக்கிய நிலையில், நியூயார்க்கில் எலிங்டன் காலமானார். அவருக்கு வயது 75. அதற்குச் சில நாட்களுக்கு முன்பு பால் கொன்சால்வஸ் லண்டனில் உயிரிழந்திருந்தார். எலிங்டனின் உடல்நிலை கருதி அச்செய்தி அவரிடம் தெரிவிக்கப்படவில்லை. நியூயார்க்கில் நடந்த இறுதிச் சடங்கில் பன்னிரண்டாயிரத்துக்கும் அதிகமானோர் கலந்துகொண்டனர். 1927 முதல் 47 ஆண்டுகள் குழுவை விட்டு விலகாத ஹாரி கார்னி, அதே ஆண்டு அக்டோபரில் காலமானார்.

குழுவின் தலைமையை மகன் மெர்சர் ஏற்று, 1996-இல் தாம் மறையும் வரை நடத்தினார். 2009-ஆம் ஆண்டு வாஷிங்டன் நகரைச் சிறப்பிக்க வெளியிடப்பட்ட 25 சென்ட் நாணயத்தில், பியானோவின் அருகே அமர்ந்த எலிங்டனின் உருவம் பொறிக்கப்பட்டது.

அவர் விட்டுச்சென்ற தாள்கள் 1988-ஆம் ஆண்டு முதல் வாஷிங்டனில் உள்ள ஸ்மித்சோனியன் நிறுவனத்தின் பாதுகாப்பில் உள்ளன. பொதுவாக இசைக்குழுவின் தாள்களில் முதல் டிரம்பெட், இரண்டாம் சாக்ஸபோன் என்று கருவியின் பெயரே எழுதப்பட்டிருக்கும். எலிங்டனின் தாள்கள் பலவற்றில் அவ்விடத்தில் காணப்படுவது, அதை வாசித்த கலைஞரின் பெயர் அல்லது செல்லப்பெயர்.